அந்தக் காலத்துல நடந்து போனவங்க ராத்திரி எங்க தங்குனாங்க, எங்க சாப்ட்டாங்க?

மேலூர்_வாசகன் கேட்டது:

இங்கிலாந்து கிராமங்கள பத்தி கொஞ்ச நாளா படிச்சிட்டு இருக்கேன். அங்க மெயின் ரோட்டுல இருந்த சின்ன ஊர்ல கூட ஒரு விடுதி இருந்திருக்கு, கீழ பீரும் ரொட்டியும் கறியும், மேல படுக்க ரூம், பின்னாடி குதிரைக்கு லாயம், எல்லாமே காசுக்கு. ஊர்க்காரங்களும் சாயங்காலமானா அங்கதான் வந்து உக்காந்து பேசுவாங்களாம். நம்ம பக்கம் சோறு, குடி, படுக்கை மூணும் ஒரே கூரைக்கு கீழ இருந்த மாதிரி எங்கயும் கண்ணுல படல. ஆனா இங்கயும் ஜனங்க நடந்துட்டேதான இருந்திருக்காங்க, ராமேஸ்வரம் போறவங்க, பழனி போறவங்க, வண்டில உப்பு, பருத்தி, கருப்பட்டி ஏத்திட்டு வாரக்கணக்குல போனவங்க. எங்க தாத்தா பருத்தி வண்டி ஓட்டுனவர். வண்டிக்கு அடில சாக்க விரிச்சு படுத்துக்குவோம், கையில புளிச்சோறு இருக்கும்னு சொல்வாரே ஒழிய சத்திரத்துல தங்குனேன்னு ஒரு தடவை கூட சொன்னதில்ல. அது ஏன்? சத்திரத்துல யாரு தங்குனா, யாருக்கு இடமில்ல, கள்ளுக்கடை இதுல எங்க வருது, காசு குடுத்து சாப்புடுற கடை எப்ப வந்துச்சு? ஊர் பேரு, வருஷத்தோட சொன்னீங்கன்னா ரொம்ப உதவியா இருக்கும்.

டெல்டாக்காரன்:

நல்ல கேள்வி, எனக்கு ரொம்ப புடிச்ச விஷயம், அதனால கொஞ்சம் நீளமா எழுதுறேன்.

சத்திரம்ங்கிறது வியாபாரம் இல்ல, தர்மம். ராஜாவோ ஜமீனோ செட்டியாரோ நிலத்த எழுதி வச்சிடுவாங்க, அந்த நெல்லு வருமானத்துல அடுப்பு எரியும். சமைச்ச சோத்துக்கு காசு வாங்குறது கேவலம்னு நினைச்ச சமூகம் இது. அதனால வழில போறவனுக்கு சோறு போடுறது புண்ணியக் கணக்குல போச்சு, யாரும் அத கடையா நடத்த நினைக்கல. உங்க கேள்வியோட பாதிக்கு பதில் இங்கயே இருக்குன்னு நான் நம்புறேன்.

எங்க ஒரத்தநாட்டு முக்தாம்பாள் சத்திரத்த எடுத்துக்குங்க. தஞ்சாவூர் இரண்டாம் சரபோஜி 1802ல கட்டுனது. தஞ்சாவூர்லேந்து ராமேஸ்வரம் போற வழில மராட்டிய ராஜாக்கள் இப்படி வரிசையா சத்திரம் வச்சிருந்தாங்க. 1799 உடன்படிக்கைல நாட்டு நிர்வாகம் கிழக்கிந்தியக் கம்பெனி கைக்கு போயிடுச்சா, சத்திரத்து நிலமும் போயிடுமோன்னு பயந்து சரபோஜி 1801ல ரெசிடென்ட், அதாவது தஞ்சாவூர்ல இருந்த கம்பெனி பிரதிநிதி, பெஞ்சமின் டோரினுக்கு ஒரு கடிதம் எழுதுறார். சத்திரத்துல என்ன நடக்குதுன்னு அதுல ஒண்ணொண்ணா சொல்றார், பிராமணர்லேந்து பறையர் வரைக்கும் வர்ற அத்தனை பேருக்கும் சோறு, சமைச்சத சாப்பிடாதவங்களுக்கு அரிசியும் சாமானும் தனியா, கைக்குழந்தைக்கு பாலு, சீக்காளிக்கு மருந்தும் பத்தியச் சாப்பாடும், பிரசவ வலி வந்தா பாக்க ஆளு, வழில செத்துப் போனா அவங்க வழக்கப்படி அடக்கம். எனக்கு மனசுல நின்னது ஒரு வரிதான். நடுராத்திரி வரைக்கும் பந்தி ஓடும், அதுக்கப்புறம் மணி அடிச்சு, இன்னும் சாப்பிடாதவங்க யாராச்சும் இருந்தா வாங்கன்னு சத்தமா கூப்பிடுவாங்களாம். இருட்டுல கால் வீங்கி வந்து சேர்ற ஒருத்தனுக்கு அந்த மணிச் சத்தம் எப்படி கேட்டிருக்கும்னு யோசிச்சுப் பாருங்க.

அப்புறம் எப்படி போச்சுன்னா, 1817ல ஏழாவது ரெகுலேஷன்னு ஒண்ணு கொண்டு வந்து கோயில், பாலம், சத்திரம் மாதிரி தர்ம சொத்தோட மேற்பார்வைய ரெவின்யூ போர்டுகிட்ட குடுத்தாங்க, பின்னாடி நிறைய சத்திரம் லோக்கல் போர்டு கைக்கு வந்துச்சு. ஆனா நிஜமா சத்திரத்த காலி பண்ணது ரயிலு. மண்டபம் வரைக்கும் லைன் வந்து, 1914ல பாம்பன் பாலமும் திறந்தாச்சு, அப்புறம் யாரு வெயில்ல நடந்து ராமேஸ்வரம் போவா? வழியில சத்திரமே வேண்டியதில்லாம போச்சு. ஊர் பேருல மட்டும் ஒட்டிக்கிட்டு நிக்குது, ஒட்டன்சத்திரம், சுங்குவார்சத்திரம், பாலுசெட்டிசத்திரம், எத்தனையோ சத்திரப்பட்டி.

சத்திரம் இல்லாத இடத்துக்கு சாவடி, மண்டபம், கோடைல தண்ணீர்ப்பந்தல், தலைச்சுமைக்காரங்களுக்கு சுமைதாங்கிக் கல்லு. சுமைதாங்கி பெரும்பாலும் புள்ளத்தாச்சியா செத்துப்போன பொண்ணு நினைவா வச்சது. ஆள் தோள் உயரத்துக்கு ரெண்டு கல்ல நட்டு மேல ஒரு கல்ல குறுக்க போட்டிருக்கும், அடுத்தவன் கை உதவி இல்லாம தானே மூட்டைய இறக்கி தானே ஏத்திக்கலாம். நெடுஞ்சாலை அகலப்படுத்தும்போது அத பிடுங்கி ஓரமா தள்ளிட்டுப் போறத பாக்குறப்போ வயிறு எரியுது.

விருதுபட்டி_தம்பி:

டெல்டாக்காரன் அண்ணே சொன்னது சரிதான், ஆனா அது சத்திரத்து உள்ள இருந்து பாத்தா தெரியுற படம். வெளிய நின்னவங்க கதையும் சொல்லணும்ல. எல்லாருக்கும் சோறுன்னா எல்லாருக்கும் ஒரே பந்தின்னு அர்த்தமில்ல. சமையல் தனி, உக்கார்ற இடம் தனி, சில சாதிக்காரங்க வாசலுக்கு வெளிய. எழுதி வச்சவர் என்ன நினைச்சிருந்தாலும் அங்க நின்னு அகப்பைய புடிக்கிறவன் நினைச்சதுதான் நடக்கும். பொது ரோடு, கிணறு, குளம், பொது இடத்துக்கு எல்லா சாதியும் வரலாம்னு சட்டசபைல தீர்மானம் போட வேண்டி வந்ததே 1924ல, தலித் தலைவர் ரெட்டமலை சீனிவாசன் கொண்டு வந்தது. அதுவரைக்கும் ரோட்டுலயே தடை இருந்துச்சுன்னா சத்திரத்து திண்ணைல எப்படி இருந்திருக்கும்?

உங்க தாத்தா வண்டிக்கு அடில படுத்ததுக்கு இன்னொரு காரணமும் இருக்கு. சரக்கு வண்டிக்காரனுக்கு சத்திரம் ஆகாது, மாட்டுக்கு தண்ணி வேணும், மூட்டைக்கு காவல் வேணும், ராத்திரி வழிப்பறி பயம் வேற. இதுக்குன்னே எங்க பக்கத்து நாடார் வியாபாரிங்க 19ஆம் நூற்றாண்டுல பேட்டை கட்டுனாங்க. சுத்தி மதிலு, உள்ள கிணறு, வண்டிய அவுத்துப் போட இடம், படுக்க கொட்டகை, சரக்கு விக்கவும் அங்கயே வசதி. சாதாரண சத்திரத்துல மரியாதையா தங்க முடியாத ஆளுங்க தங்களுக்குன்னு பண்ணிக்கிட்ட ஏற்பாடு அது. சிவகாசி, விருதுபட்டி (இன்னைக்கு விருதுநகர்), திருமங்கலம், சாத்தங்குடி, பாலையம்பட்டி, அருப்புக்கோட்டை, இந்த ஆறு ஊரும் அப்படித்தான் வளந்துச்சு.

காசு எங்கேந்து வந்துச்சுன்னா மகமை. ஒவ்வொரு மூட்டைக்கும் இவ்வளவுன்னு வியாபாரி குடுத்துடணும், அது உறவின்முறையோட, அதாவது ஊர் சாதிச் சங்கத்தோட, பொதுப்பணம். ராஜா தயவும் இல்ல, கம்பெனி தயவும் இல்ல. விருதுநகர்ல 1889ல ஆரம்பிச்ச சத்ரிய வித்யாசாலா பள்ளிக்கூடம் கூட மகமையும் பிடியரிசியும் போட்டு நடந்ததுதான். வீட்டுல உலை வைக்கிறப்போ ஒரு கைப்பிடி அரிசிய எடுத்து தனி பானைல போட்டு வைப்பாங்க, அத வந்து வாங்கிட்டு போவாங்க. காமராஜர் அந்த ஸ்கூல்லதான் படிச்சார்.

பனங்காட்டு_மாடசாமி:

கள்ளு கேட்டீங்கல்ல, அதுக்கு நான் சொல்றேன், பனையேறுற குடும்பம் எங்களோடது.

கள்ளு ஏன் சத்திரத்தோட சேரலங்கிறதுக்கு தர்மம் மட்டும் காரணமில்ல, கள்ளோட குணமும் காரணம். பனம்பூ வர்ற பாளைய நசுக்கி பக்குவப்படுத்தி நுனிய சீவி கலயத்த கட்டுறோம், காலைலயும் சாயங்காலமும் ஏறி சீவணும். கலயத்துக்குள்ள சுண்ணாம்பு தடவி கட்டுனா பதநீ, தடவாம கட்டுனா மரத்துலயே பொங்க ஆரம்பிச்சிரும், இறக்குறப்பவே கள்ளு. மறுநாள் வச்சா புளிச்சு போயிரும், வாயில வைக்க முடியாது. அப்போ என்ன ஆகும், கடை தோப்ப ஒட்டித்தான் இருக்கணும். வெள்ளக்காரன் பீர பீப்பால ஊத்தி நிலவறைல நாள் கணக்குல வச்சுக்குவான், அதனால ரோட்டோரமா விடுதில விக்க முடிஞ்சுது. எங்களுக்கு அது முடியாது. பனைல வருஷம் பூரா வரவும் செய்யாது.

அதனால கள்ளுக்கடைன்னா ஊருக்கு வெளிய ஒரு ஓலைக் கொட்டகை, மண்பானை, மண்ணு தரை, ஓலைய மடிச்சு பட்டை புடிச்சு குடிப்பாங்க. பக்கத்துல ஒரு கிழவி உக்காந்து அவிச்ச மொச்சை, சுண்டல், சுட்ட கருவாடு, வயல் நண்டு, நத்தை வித்துக்கிட்டிருப்பா. காசு குடுத்து சாப்புட்ட கடை எதுன்னு கேட்டா கிராமத்துல மொதல் கடை அந்தக் கிழவி கூடைதான்னு நான் அடிச்சு சொல்லுவேன். வயக்காட்டு வேலை முடிஞ்சு வர்றவனுக்கு ராத்திரி சாப்பாடே அதுதான் பல நாளு. ஊர்ப் பஞ்சாயத்து, கல்யாணப் பேச்சு, கூலி பேசுறது எல்லாம் அங்க நடக்கும், அந்த வகைல இங்கிலாந்து விடுதி மாதிரிதான்.

ஆனா லாபம் ஏறுனவனுக்கு வரல, அத எழுதாம விட முடியாது. 1886ல வந்த ஆப்காரிங்கிற மது வரிச் சட்டத்துக்கு அப்புறம் மரத்துக்கு மரம் வரி, நம்பர் போட்ட மரத்துலதான் ஏறணும், கடைய வருஷா வருஷம் ஏலம் விடுவாங்க. பணக்காரன் ஏலம் எடுப்பான், மரத்துலேந்து விழுந்து இடுப்பு உடைஞ்சவனுக்கு யாரும் கேக்க நாதியில்ல. 1987லேந்து தமிழ்நாட்டுல கள்ளே கிடையாது, கேரளால இன்னைக்கும் கப்பை (மரவள்ளிக்கிழங்கு), மீன் கறியோட கள்ளுஷாப்பு நடக்குது. பாக்கெட் சாராயம், பாட்டில் எல்லாம் வந்து போன ஊர்ல பனங்கள்ளுக்கு மட்டும் ஏன் தடைன்னு கேட்டா இதுவரைக்கும் எனக்கு ஏத்துக்கிற மாதிரி பதில் கிடைக்கல.

திருமங்கலம்_செல்வி:

மாடசாமி அண்ணா, ஏறுனவங்க பாடு நீங்க சொன்னது முழுக்க உண்மை. ஆனா கள்ளுக்கடைய ஊர் மடம் மாதிரி சொல்றத என்னால அப்படியே ஏத்துக்க முடியல. அந்தக் கொட்டகைல பேசி முடிச்ச பஞ்சாயத்துல பொம்பளைங்க எத்தனை பேரு உக்காந்திருப்பாங்க? கூடைக்காரிய தவிர யாரும் இல்ல. அன்னைக்கு கூலி அங்கயே கரைஞ்சு, வீட்டுல உலை கொதிக்காம காத்திருந்தது யாரு? 1937 அக்டோபர் 1ல ராஜாஜி சேலம் மாவட்டத்துல மதுவிலக்கு கொண்டு வந்தப்போ சந்தோஷப்பட்டது வீட்டுல இருந்த பொம்பளைங்கதான். அதுல நின்னு போன கலால் வருமானத்துக்கு ஈடா 1939ல விற்பனை வரி போட்டாங்க, இன்னைக்கு நம்ம கடைல கட்டுற வரிக்கு அதுதான் ஆரம்பம். மாகாணம் முழுக்க 1948ல மதுவிலக்கு, 1971ல எடுத்தாங்க, அப்புறம் நடந்தது எல்லாருக்கும் தெரியும்.

காசுக்கு சாப்பாட்டுக் கடை எப்ப வந்துச்சுன்னா, கூடைய விட்டுட்டு பாத்தா, ரயிலும் பஸ்ஸும் வந்ததுக்கு அப்புறம்தான். முதல்ல ரயில் ஸ்டேஷன் பக்கம் காபி கிளப், அதுலயும் பிராமணாளுக்கு தனி இடம். கறிச்சோறு வழிக்கு வந்தது முனியாண்டி விலாஸ்ல. எங்க திருமங்கலத்துக்கு பக்கத்துல வடக்கம்பட்டிங்கிற கிராமம், அந்த ஊர் சுப்பா நாயுடு 1937ல காரைக்குடில முதல் கடைய போட்டார். மானாவாரி பூமி, மழை பொய்ச்சா வேற பிழைப்பு இல்ல, அதனால சொந்தக்காரங்க ஒருத்தர் பின்னாடி ஒருத்தரா கிளம்பி ஊர் ஊரா கடை போட்டாங்க. பஸ் ஸ்டாண்டுல இறங்குனவன் என்ன சாதின்னு கேக்காம இலைய போட்டு குழம்ப ஊத்துன கடை அது. வருஷா வருஷம் தை மாசம் கடைக்காரங்க எல்லாம் ஊருக்கு திரும்பி வந்து முனியாண்டி சாமிக்கு கிடா வெட்டி, விடிய விடிய பிரியாணி ஆக்கி, காலைல வர்ற எல்லாருக்கும் சும்மா குடுக்குறாங்க. அண்டா ஆவி ஊரையே மூடியிருக்கும், தூக்குவாளிய தூக்கிட்டு சுத்துப்பட்டி ஜனம் முழுக்க வரிசைல நிக்கும். டெல்டாக்காரர் சொன்ன தர்மம் சத்திரத்தோட முடியல, கடை நடத்துறவங்க கைல இப்படி தொடருது.

ஆனா டீக்கடை வேற மாதிரி. தனி கிளாஸ், கொட்டாங்குச்சில டீ, வெளிய தரைல உக்காந்து குடின்னு சொல்றது, இதெல்லாம் 1955லயே சட்டப்படி குத்தம் ஆயிடுச்சு, ஆனா அதுக்கப்புறம் பல வருஷம் எங்க சுத்து கிராமங்கள்ல நடந்துச்சு. எவர்சில்வர் டம்ளர் சிலருக்கு, கண்ணாடி கிளாஸ் சிலருக்கு, குடிச்சவனே கழுவி கூரைல செருகி வைக்கணும். அப்புறம் பிளாஸ்டிக் கப்பு வந்து அத மறைச்சிடுச்சு.

மேலூர்_வாசகன்:

எல்லாருக்கும் ரொம்ப நன்றி, இவ்வளவு வரும்னு எதிர்பாக்கல. தாத்தா விருதுபட்டி சந்தைக்கு பருத்தி கொண்டு போனவர்தான், ஆனா நாங்க பேட்டை வச்சிருந்த சாதி இல்ல, அப்போ பேட்டைக்கு வெளிய இருந்த வண்டிக்காரங்களுக்கு மாட்டுத் தண்ணி எங்க கிடைச்சுதுன்னு இப்ப கேக்கத் தோணுது. ஊருணியா, இல்ல காசு குடுத்தா பேட்டைக் கிணத்துலயே விட்டாங்களா? விருதுபட்டி தம்பி, உங்க வீட்டு பெரியவங்ககிட்ட இத மட்டும் விசாரிச்சு எழுத முடியுமா?

விருதுபட்டி_தம்பி:

கேக்குறேன்ணே. எங்க பெரியப்பா மகமைக் கணக்கு எழுதுனவர், ஞாபகம் நல்லாவே இருக்கு. அடுத்த வாரம் ஊருக்குப் போறேன், அவர் சொல்றத அப்படியே இங்க எழுதுறேன்.