இராவணன் வெட்டருகே நின்ற ஆச்சி

கடல்முகம்:
திருகோணமலைக் கோணேசர் கோயில், இராவணன் வெட்டு என்கிற பாறைப் பிளவுப் பக்கம். தொட்டில் கட்டுவார்களே, அந்த மரத்தடி. ஒன்பது நிமிடச் சோதனைக் குறும்படம், வசனமில்லை, கதையில்லை. கமெராவை முக்காலியில் பூட்டிவிட்டு ஒதுங்கி நின்றேன். காலைப் பூசை முடிந்து வந்த ஓர் ஆச்சி, எடுக்கச் சம்மதித்தார். நான்கு நிமிடம் கடலைப் பார்த்தபடி நின்றார். உதடு மட்டும் அசைந்தது. பிறகு சட்டென்று திரும்பி, "தம்பி, நீ இன்னும் கும்பிடவில்லைத்தானே?" என்றார். உண்மைதான், வெளிச்சம் போய்விடுமென்று நான் கோயிலுக்குள் போகவே இல்லை. அந்தத் துண்டை வெட்டிவிட்டேன். இரண்டு வருடமாக உறுத்துகிறது.

மூதூர்க்காரி:
வெட்டியிருக்கவே கூடாது. படமே அந்தக் கேள்விதான்.
அப்பாவின் அந்தியேட்டிக் கிரியைக்குக் கன்னியா வெந்நீர்க் கிணறுகளுக்குப் போயிருந்தோம். ஏழு கிணறுகளிலும் அள்ளி ஊற்றிய அண்ணா, கடைசிக் கிணற்றடியில் வாளியைப் பிடித்தபடி அப்படியே நின்றுவிட்டார். படம் எடுத்துக்கொண்டிருந்த ஒரு பையன் முகத்துக்கு வரவில்லை. ஈர முதுகை மட்டும் பின்னாலிருந்து எடுத்தான். அன்று எனக்குக் கோபம். இன்று அந்தப் படத்தைப் பார்க்க வேண்டும்போல் இருக்கிறது.

ஒலிக்காரன்:
மூதூர்க்காரி சொல்வதை நான் ஏற்கவில்லை. ஆச்சி கேட்டது கடல்முகத்தை, பார்வையாளரை அல்ல. கேள்வி வந்தவுடன் ஆச்சியின் தனிமை உடைந்துவிடுகிறது.
நானும் அங்கே ஒரு முறை பதிவு செய்தேன். கோயில் மணிக்காகப் போய், காற்றின் இரைச்சலோடு திரும்பினேன். ஆகவே சொல்கிறேன்: மைக்குக்கு ரோம உறை போடாமல் அந்தப் பாறையில் ஏறாதீர்கள். ஆள் இல்லாத நேரத்தில் இடத்தின் ஒலியை மட்டும் இரண்டு நிமிடம் தனியாகப் பதியுங்கள்; வெட்டிய இடங்களை ஒட்ட அதுதான் உதவும். பக்திப் படம் என்றதும் புல்லாங்குழலைக் கொண்டுவந்து நிரப்பாதீர்கள். சம்பந்தர் இந்த ஊர்ப் பதிகத்தைத் தொடங்குவதே கழலின் அரவத்தோடும் சிலம்பொலியோடும்தான். அதே பாட்டு 'குரைகடல் ஓதம்' என்று கடலின் இரைச்சலுக்கு வந்து சேர்கிறது. அதற்கு மேல் எந்த இசை வேண்டும்? காட்சி நீளமாக இருக்கிறதென்று பயந்து நடுவில் மான்களைச் செருகுவதும் வேண்டாம். கோயில் இருக்கிற கோட்டைக்குள் வருகிற எல்லோரும் மான்களை எடுக்கிறார்கள்.

மூதூர்க்காரி:
தனிமை உடைந்தது என்கிறீர்கள். ஆச்சி பேசியது, பக்கத்தில் இன்னொருவர் தனியாக நிற்பதைக் கண்டதால்தான். எனக்கு அப்படித்தான் படுகிறது.
கன்னியாவில் படமெடுத்த தம்பி இங்கே இருந்தால், அண்ணாவின் அந்த முதுகை ஒரு தடவை காட்டுங்கள். அண்ணாவும் இப்போது இல்லை.