ஊட்டியைக் கைடோட நடந்து பார்க்கலாமா?

மதுரைப் பொண்ணு: மே மாசம் அம்மாவோட வர்றேன். பழைய கட்டடங்களை நடந்தே பார்க்கணும். அம்மாவுக்கு முட்டி வலி, தாங்குமா?

குன்னூர்க்காரி: தாங்கும்மா, மெதுவா நடக்குற கைடா பேசி வைங்க. 1830-ல் எழுந்த செயின்ட் ஸ்டீபன்ஸ் தேவாலயத்தை மட்டும் அவசரப்படாம பாருங்க. உள்ளே போய் உத்தரத்தை அண்ணாந்து பாருங்க, ஸ்ரீரங்கப்பட்டணத்துல திப்பு அரண்மனையைப் பிரிச்சுக் கொண்டாந்த மரம்! எவ்வளவு கனம்! பின்னாடி சரிவுல பழைய கல்லறைகள்; ஊட்டியை உருவாக்கின வெள்ளைக்கார கலெக்டர் சல்லிவன் துரையோட மனைவி, மகள் சமாதியும் அங்கதான். மழை பெய்ஞ்சிருந்தா பாசி வழுக்கும், அம்மாவை மேலேயே உட்கார வைங்க. ஞாயித்துக்கிழமை வேண்டாம், ஆராதனை நடக்கும்.

லவ்டேல்வாசி: சல்லிவன் கட்டின ஸ்டோன் ஹவுஸ் இப்போ அரசு கலைக் கல்லூரி வளாகத்துல இருக்கு. ஏத்தம், ஆட்டோ பிடிச்சுடுங்க.

மதுரைப் பொண்ணு: சரிங்கக்கா, ஸ்வெட்டர் வேணுமா?

குன்னூர்க்காரி: மே மாசம்னாலும் சாயங்காலம் வேணும்.