ஜிப்ஸி மாத் மாடல்: இடப்பக்கம் திருப்பினா மூக்கு வலப்பக்கம் போகுது. யாராவது உதவுங்க

பால்சா_பித்தன்:
வணக்கம். ஆறு மாசமா ராத்திரி முழிச்சுக் கட்டின ரிமோட் மாடல், ஜிப்ஸி மாத்ங்கிற பழைய ரெட்டை அடுக்கு இறக்கை விமானம். நிஜத்தில் 30 அடி இறக்கை, என்னோடது 60 அங்குலம். ஆஸ்திரேலியாவுக்குத் தனியா பறந்துபோன பைலட் ஏமி ஜான்சனோட 'ஜேசன்' விமானம் மாதிரியே பச்சை பெயின்ட், வெள்ளி எழுத்து. நேரா பறந்தா குறையே இல்ல. ஸ்டிக்கை இடப்பக்கம் தள்ளினா இறக்கை சரியா சாயுது, மூக்கு மட்டும் வலப்பக்கம் இழுக்குது. வேகம் குறைஞ்சா இன்னும் மோசம். நேத்து இறக்குறப்ப சறுக்கி, கீழ் இறக்கை நுனியில் துணி கிழிஞ்சு உள்ள இருக்கிற பால்சா மரம் எட்டிப் பார்க்குது. திருப்ப நல்லா பிடி கிடைக்கட்டும்னு நாலு இறக்கையிலும் ஏலெரான் (விமானத்தைச் சாய்க்க இறக்கையின் பின் ஓரத்தில் ஏறி இறங்குற பலகை) வெச்சேன். அதுல தப்பா?

ஏரிக்கரை_பைலட்:
வால் கனமா இருக்கும் நண்பா. மூக்கில் 50 கிராம் ஈயம் வெச்சுப் பாருங்க.

பழைய_ப்ரொப்பல்லர்:
ஈயம் வேண்டாம், நேரா ஒழுங்காத்தானே பறக்குது. தம்பி, மாத்துக்கு ஏலெரான் கீழ் இறக்கையில் மட்டும்தான். நீங்க இடப்பக்கம் தள்ளுறப்ப வலப்பக்க ஏலெரான் கீழே இறங்குது. அந்த இறக்கை தூக்கலும் கூடும், காத்து இழுவையும் கூடும். அந்த இழுவைதான் மூக்கை வலப்பக்கம் பிடிச்சு இழுக்குது. நாலு வெச்சதால தொல்லை இன்னும் கூடிருச்சு.

மாத்தைக் கட்டின டி ஹாவிலாண்ட் கம்பெனி ஆளுங்க இதுக்குத்தான் ஏலெரானை மேல அதிகமாவும் கீழ குறைவாவும் போக வெச்சாங்க. அதே குடும்பத்து டைகர் மாத்தில், ஸ்டிக்கை முழுசா தள்ளினா கீழிறங்கின ஏலெரான் கிட்டத்தட்ட நேர்நிலைக்கே வந்துடும்.

மேல் இறக்கை ஏலெரானை ஒட்டிடுங்க. கீழ் இறக்கை ஏலெரான் ரெண்டுக்கும் தனித்தனி சர்வோ (அதை அசைக்கிற குட்டி மோட்டார்) இருந்தா, ரிமோட்டில் ஒவ்வொண்ணும் மேல் பக்கம் 15 மி.மீ., கீழ் பக்கம் 5 மி.மீ. போற மாதிரி வெச்சு ஆரம்பிங்க.

பால்சா_பித்தன்:
நன்றி அண்ணா. செஞ்சேன், ஆனா முன்னைவிட மோசம்! கிட்டத்தட்ட சுழல ஆரம்பிச்சுருச்சு.

பழைய_ப்ரொப்பல்லர்:
ரிமோட்டில் இருக்கிற எண்ணை நம்பாதீங்க. ஸ்கேலை ஏலெரான் ஓரத்தில் வெச்சு அளந்தீங்களா?

பால்சா_பித்தன்:
இப்பதான் அளந்தேன். மேல 5, கீழ 15. தலைகீழா போட்டிருக்கேன். 🤦

சிரஸ்60:
தலைகீழ்னதும் ஞாபகம் வருது. உங்க படத்தில் இன்ஜின் சிலிண்டர் கீழ் பார்த்துத் தொங்குது. அது டைகர் மாத் வேலை. 1925-ல் லண்டன் ஸ்டாக் லேன் விமானத்தளத்தில் முதல் மாத் 60 குதிரைத்திறன் சிரஸ் இன்ஜினோட பறந்துச்சு. 1928-ல் வந்த 100 குதிரைத்திறன் ஜிப்ஸி இன்ஜினிலும் சிலிண்டர் நிமிர்ந்துதான் நிக்கும். 1930 மே 5-ல் லண்டன் க்ராய்டனில் கிளம்பி 24-ல் ஆஸ்திரேலியாவில் டார்வின் போன ஜேசனும் அப்படித்தான். லண்டன் அறிவியல் அருங்காட்சியகத்தில் தொங்குது, படம் தேடிப் பாருங்க. பெயின்ட் அருமை, மூக்குதான் வேற வண்டி.

பால்சா_பித்தன்:
ஐயோ, மூக்கை அப்புறம் வெட்டுறேன். இன்னைக்குக் காலையில் மேல 15, கீழ 5-ல் பறக்கவிட்டேன். முக்கால்வாசி சரியாயிருச்சு. மெதுவா திரும்புறப்ப மட்டும் இன்னும் லேசா முரண்டு பிடிக்குது.

பழைய_ப்ரொப்பல்லர்:
அந்த மிச்சத்துக்கு ரட்டர், அதாவது மூக்கை இடம் வலம் திருப்புற வால் பலகை. திரும்புற பக்கமே இடது கட்டைவிரலால லேசா கொடுங்க. ரிமோட்டே ஏலெரானோட ரட்டரையும் சேர்த்து அசைக்கிற மிக்ஸிங் போட்டுத் தப்பிக்காதீங்க. நிஜ மாத் ஓட்டினவங்களும் காலால அதைத்தான் செஞ்சாங்க.