பானு அதையாவின் பழைய ஓவியங்கள் யாரிடமாவது உள்ளனவா?

நண்பர்களுக்கு வணக்கம். ஆடை வடிவமைப்பு படிக்கும் மாணவிகளுக்காக, திரைப்பட ஆடை வடிவமைப்பாளர் பானு அதையாவைப் பற்றித் தமிழில் எழுதிவருகிறேன். கோலாப்பூரில் பிறந்தவர், ‘காந்தி’ படத்துக்காக 1983-இல் சக வடிவமைப்பாளர் ஜான் மொல்லோவுடன் ஆஸ்கர் பெற்றார். அவ்விருதை வென்ற முதல் இந்தியர். பத்திரமாக இருக்கட்டும் என்று 2012-இல் அதை ஆஸ்கர் வழங்கும் அகாடமியிடமே ஒப்படைத்தார்.

இவையெல்லாம் எளிதில் கிடைத்துவிட்டன. நான் தேடுவது, திரைக்கு வருமுன் ‘ஈவ்ஸ் வீக்லி’ என்ற ஆங்கில மகளிர் இதழுக்கு அவர் வரைந்த ஆடை ஓவியங்களை. துணி எப்படி விழ வேண்டும் என்று தையல்காரருக்குச் சொல்லும் கோடு அங்கேதான் கைவந்தது என்று உறுதியாக நம்புகிறேன். 1950-களின் அந்த இதழ்கள் உங்கள் வீட்டுப் பரணிலோ, தெரிந்த நூலகத்திலோ இருந்தால் தயவுசெய்து தெரிவியுங்கள். கைப்பேசியில் எடுத்த படமே போதும். இதழின் தேதியையும் பக்க எண்ணையும் மறக்காமல் குறிப்பிடுங்கள்.