மியூச்சுவல் விவாகரத்து போட்டாச்சு, ஆறு மாதம் காத்திருக்கணுமா? (அவசரம்)

பூவரசு:
வணக்கம். நானும் கணவரும் பேசி முடித்து, இருவர் சம்மதத்தோடு விவாகரத்து கேட்டு மியூச்சுவல் மனு போட்டுவிட்டோம். சண்டை எதுவும் இல்லை. ஆனால் ஆறு மாதம் தள்ளி வாய்தா கொடுத்திருக்கிறார்கள். அவர் அடுத்த மாதம் ஊருக்குப் போகிறார், அதற்குள் முடியணும். ஆறு மாதத்தைத் தள்ளுபடி செய்வார்களாமே, என்ன மனு போடணும்? உடனே சொல்லுங்கள்.

கோமதி அக்கா:
கல்யாணம் எப்போம்மா? பிரிந்து எத்தனை மாதம்? குழந்தை உண்டா? நகை, பணமெல்லாம் பேசியாச்சா?

வண்டிக்காரன்:
ஊர் என்றால் மதுரையா, மஸ்கட்டா? மதுரை என்றால் வாய்தாவுக்கு பஸ் ஏறி வந்துவிடலாமே.

ஈரோடு மஞ்சள்:
வக்கீலை மாற்றுங்கள். ஃபீசுக்காக இழுக்கிறார். என் தங்கை கேஸிலும் இதே கதை.

சட்டப்புலி:
கேட்பதற்கு முன் கொஞ்சம் தேடிப் பார்த்திருக்கலாம். இந்து திருமணச் சட்டம் 13-பி, அதாவது மியூச்சுவல் விவாகரத்துப் பிரிவு, 1976 திருத்தத்தில் வந்தது. ஒரு வருடம் பிரிந்து இருந்தால்தான் மனுவே போட முடியும். அப்புறம் 6 மாதத்துக்குக் குறையாமல், 18 மாதத்துக்கு மேல் போகாமல் இரண்டாவது மோஷன், அதாவது இருவரும் மறுபடி கோர்ட்டில் கேட்பது. வக்கீலுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. அந்த 6 மாதம் கட்டாயமில்லை என்று 2017-ல் அமர்தீப் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. மனு போடும்போதே பிரிந்து 18 மாதம் ஆகியிருக்க வேண்டும், சமரசம் பேசித் தோற்றிருக்க வேண்டும், கொடுக்கல் வாங்கல் முடிந்திருக்க வேண்டும். உங்களுக்கு ஆயிற்றா? அதைத்தான் எழுதவே இல்லையே.

பூவரசு:
மன்னிக்கவும், அவசரத்தில் எழுதிவிட்டேன். கல்யாணம் 2021. குழந்தை இல்லை. 2024 பிப்ரவரியில் அம்மா வீட்டுக்கு வந்தேன், மனு 2025 ஏப்ரலில். அவர் ஜெர்மனி போகிறார். நகை பாதி வந்துவிட்டது.

சட்டப்புலி:
14 மாதம்தான். கிடைக்காது. காத்திருங்கள்.

தென்காசிக்காரன்:
இதுக்கு எதுக்கு கோர்ட்டு? எங்க பக்கம் பஞ்சாயத்தில் உட்கார்ந்து 20 ரூபாய்ப் பத்திரத்தில் எழுதி, தாலியைத் திருப்பிக் கொடுத்தா அத்துவிட்டாச்சு. எங்க மாமாவுக்கு அப்படித்தான் முடிஞ்சது.

சட்டப்புலி:
செல்லாது. பத்திரம் எழுதியெல்லாம் விவாகரத்து வாங்க முடியாது.

தென்காசிக்காரன்:
மாமாவுக்கு மறு கல்யாணமும் ஆகி ரெண்டு பிள்ளை இருக்கு சார். அவங்கள என்ன செய்யச் சொல்றீங்க?

பழைய குமாஸ்தா:
ரெண்டு பேரும் பாதி சரி. சாதி வழக்கப்படி வாங்கும் விவாகரத்தை அதே சட்டத்தின் 29(2) பிரிவு காப்பாற்றுகிறது. ஆனால் அப்படி ஒரு வழக்கம் உண்டு என்று நிரூபிக்கும் பாரம் சொல்பவர் தலையில். நாளைக்கு முதல் மனைவி குடும்ப ஓய்வூதியம் கேட்டு வந்து நிற்கும்போது அந்த 20 ரூபாய்ப் பத்திரம் எவ்வளவு தாங்கும் என்று தெரியும். சரி, அதை விடுங்கள். பூவரசு, பிப்ரவரிக்கு முன்னால் ஒரே வீட்டில் எப்படி இருந்தீர்கள்?

பூவரசு:
2023 ஆடியிலிருந்தே பேச்சு கிடையாது. அவர் மாடியில், நான் கீழே. கேஸ் அடுப்புகூடத் தனி. அதையெல்லாம் கோர்ட்டில் சொல்லணுமா?

பழைய குமாஸ்தா:
அதுதானேம்மா விஷயமே! 1991-ல் சுரேஷ்டா தேவி வழக்கில், ஒரே கூரையின் கீழ் இருந்தாலும் கணவன் மனைவியாக வாழவில்லை என்றால் அது பிரிந்து வாழ்வதுதான் என்று வந்துவிட்டது. ஆடியிலிருந்து கணக்கு வைத்தால் 20 மாதம். ஆனால் உங்கள் மனுவில் பிரிந்த தேதி என்று என்ன போட்டிருக்கிறது, கேஸ் கட்டைப் பிரித்துப் பாருங்கள். பிப்ரவரி என்று இருந்தால் திருத்த மனு போடணும், அவரும் அதையே அபிடவிட்டில் சொல்லணும். நடந்ததை மட்டும் எழுதுங்கள். 18 மாதம் ஆகாவிட்டாலும் கதவு அடியோடு அடைந்துவிடாது. அமித் குமார் வழக்கில் 2021-ல், அந்த நிபந்தனைகள் உதாரணம்தான், முழுப் பட்டியல் இல்லை என்றார்கள்.

முதல் மோஷன் முடிந்து ஒரு வாரம் ஆகிவிட்டதல்லவா, இருவரும் கையெழுத்துப் போட்டு, ஆறு மாதத்தைத் தள்ளுபடி செய்யக் கேட்டு ஐ.ஏ. (இடைக்கால மனு) தாக்கல் செய்யுங்கள். அவர் போய்விட்டாலும் வீடியோவில் வரலாம், இல்லை அப்பா அம்மா, கூடப்பிறந்தவர் யாராவது வரலாம், அதுவும் 2017 தீர்ப்பிலேயே இருக்கிறது. உங்களுக்கு இடிக்கப்போவது அந்தப் பாதி நகைதான். மீதி எங்கே என்றுதான் ஜட்ஜம்மா முதலில் கேட்பார்.

ஈரோடு மஞ்சள்:
பார்த்தீங்களா, இதையெல்லாம் வக்கீல் கேட்டிருக்கணும். மாத்துங்க.

சட்டப்புலி:
தீர்ப்பு வரும்வரை இருவரில் யார் வேண்டுமானாலும் சம்மதத்தை வாபஸ் வாங்கலாம். அதையும் சேர்த்துச் சொல்லுங்கள் குமாஸ்தா.

கோமதி அக்கா:
பயமுறுத்தாதீங்க. பூவரசு, மனுவைப் பார்த்தியாம்மா?

(16 நாள் கழித்து)

பூவரசு:
மனுவில் பிப்ரவரி என்றுதான் இருந்தது, திருத்தியாச்சு. ஐ.ஏ.வுக்குக் கோர்ட்டில் நம்பர் போட்டாச்சு, 11-ம் தேதி வாய்தா. அவர் டிக்கெட் 14. நகை ஒரு ஆரம் தவிர எல்லாம் வந்துவிட்டது. எல்லோருக்கும் நன்றி.

கோமதி அக்கா:
அந்த ஆரத்தையும் வாங்கிட்டு ரசீதில் கையெழுத்துப் போடும்மா.