பீடோர் வானத்தில் பக்கத்து கேலக்ஸிகள்: கண்டவர்கள் எழுதுங்கள்

பள்ளி வாத்தியார்

மலேசியாவில் பீடோர், தாப்பா, தெலுக் இந்தான் பக்கம் இருப்பவர்களுக்காக இந்த இழை. சனியின் வளையத்தைப் பார்த்தேன், நிலவைக் கைபேசியில் பிடித்தேன் என்பவர்கள் கோபித்துக்கொள்ள வேண்டாம். அவை எல்லாம் நம் வீட்டு வாசலுக்குள்ளேயே இருப்பவை. நான் கேட்பது நம் கேலக்ஸியான பால்வீதிக்கு வெளியே உள்ள ஒன்றையோ, வெளியிலிருந்து வந்து உள்ளே மாட்டிக்கொண்ட ஒன்றையோ கண்ணால் கண்ட கதை. இணையத்துப் படங்களை ஒட்ட வேண்டாம்.

என் கதை ஆந்திரமேடா, நமக்குப் பக்கத்துப் பெரிய கேலக்ஸி. ஜனவரியில் நிலா இல்லாத இரவு, எட்டரை மணி, வடமேற்கே பாதி உயரம். வழி கேட்பவர்களுக்கு: உத்திரட்டாதியின் இரண்டு விண்மீன்களில் வடக்கே இருப்பதைப் பிடித்துக்கொள்ளுங்கள். அதிலிருந்து கிழக்காக இரண்டாவது விண்மீன் மிராக். அங்கே வடக்கே திரும்பி, மங்கலான இரண்டு சிறு விண்மீன்களைத் தாண்டினால் ஒரு நீள்வட்டக் கறை. நேராக முறைத்தால் மறையும், கொஞ்சம் ஓரமாகப் பார்த்தால் தெரியும். மங்கிய ஒளியைப் பிடிக்கும் செல்கள் விழித்திரையின் நடுவில் இல்லை, சுற்றிலும்தான் இருக்கின்றன.

கூட வந்த தம்பி மகன் பைனாகுலரில் பார்த்துவிட்டு, "இவ்வளவுதானா, பெரியப்பா?" என்றான். அவன்மேல் குற்றமில்லை. வண்ணப் படங்கள் பிள்ளைகளைக் கெடுத்து வைத்திருக்கின்றன. அந்தக் கறையிலிருந்து வரும் ஒளி 25 லட்சம் ஆண்டுகளுக்கு முன் கிளம்பியது என்று சொன்னேன், அதற்கும் அசையவில்லை. "அது இன்னொரு கேலக்ஸியை விழுங்கியிருக்கிறது" என்றதும் பைனாகுலரைத் திரும்பக் கேட்டான். 2018இல் வெளியான ஓர் ஆய்வின் வாதம் அது: ஏறக்குறைய 200 கோடி ஆண்டுகளுக்கு முன் ஆந்திரமேடா ஒரு பெரிய கேலக்ஸியைத் தன்னுள் இழுத்துக்கொண்டது, அருகில் ஒட்டிக்கொண்டிருக்கும் எம் 32 என்ற சிறு உருண்டை, அந்த இரையில் எஞ்சிய மையம்.

எம் 32ஐ எனக்குப் பைனாகுலரில் பிரித்துக் காண முடியவில்லை. கண்டவர்கள் எந்த இடத்திலிருந்து என்று எழுதுங்கள்.

லோரிக்காரர்

வாத்தியார் ஐயாவுக்கு வணக்கம். நான் இரவெல்லாம் சாலையில் இருப்பவன், ஆனாலும் கண்டதெல்லாம் விளக்குதான். எங்கள் தாமானுக்குப் பின்னால் இருக்கும் பந்துத் திடலுக்குப் புதிதாக வெள்ளை விளக்குப் போட்டிருக்கிறார்கள். யாரும் விளையாடாத நேரத்திலும் எரிகிறது. உத்திரட்டாதி என்ன, நிலாவே வெட்கப்படும்.

இயற்பியல் மாணவி

அண்ணா, விளக்கை அணைத்ததால் நடந்த ஒரு கண்டுபிடிப்பே உண்டு. இரண்டாம் உலகப் போரின்போது லாஸ் ஏஞ்சலிஸ் நகரில் இருட்டடிப்பு அறிவித்தார்கள். அந்த இருட்டைப் பயன்படுத்தி வால்டர் பாடே என்ற வானியலாளர் மவுண்ட் வில்சன் மலையிலிருந்த 100 அங்குலத் தொலைநோக்கியால் ஆந்திரமேடாவின் மையத்தையும், வாத்தியாருக்குச் சிக்காத எம் 32ஐயும் தனித்தனி விண்மீன்களாகப் பிரித்துப் பார்த்தார். 1944இல் வெளியிட்டார். மையத்தில் சிவந்த முதிய விண்மீன்கள், சுருள் கைகளில் நீல இளம் விண்மீன்கள். ஒரு கேலக்ஸியின் எல்லாப் பகுதிக்கும் ஒரே வயதில்லை, அது பல காலங்களில் கட்டப்பட்டது என்ற எண்ணம் அங்கிருந்துதான் வேர் பிடித்தது.

பழைய பால்வெட்டு

நான் மெகல்லன் மேகம் என்ற குட்டி கேலக்ஸியைக் கண்டவன். எழுதலாமா வேண்டாமா என்று யோசித்தேன், படித்தவர்கள் பேசும் இடமாக இருக்கிறது. மகள் எழுதச் சொன்னாள்.

கித்தா (ரப்பர்) மரம் இருந்த நாளில் விடியுமுன்பே பெரட்டுக்குப் போய்விடுவோம். தலையில் விளக்கு, மேலே இலை. வானம் என்பது நிரைக்கு நடுவே ஒரு கீற்று, அவ்வளவுதான். பிறகு செம்பனை வந்தது, அதுவும் வளர்ந்து மறைத்தது. போன மறுநடவில்தான் கிழட்டுச் செம்பனைகளை எல்லாம் தள்ளிவிட்டு முழங்கால் உயரக் கன்று வைத்தார்கள். பிறந்ததிலிருந்து இதே தோட்டத்தில் இருக்கிறேன், தெற்கு அடிவானத்தை முழுசாகப் பார்த்தது அப்போதுதான்.

பிப்ரவரி, இரவு ஒன்பது மணி. தெற்கே பளிச்சென்று நிற்பது அகத்தியர் விண்மீன். அதற்குக் கீழே சற்று வலப்பக்கமாக, நீட்டிய கையில் இரண்டு முட்டி தள்ளி, வெளுப்பாக ஒரு திட்டு. ஆலைப் புகை என்றுதான் மகள் சொன்னாள். எனக்கும் சந்தேகம். கொசுவர்த்தியைக் கொளுத்திக்கொண்டு மோட்டார் சைக்கிள்மேலேயே உட்கார்ந்துவிட்டோம். புகையானால் காற்றுக்குக் கலையும். மேகமானால் தன் வழியே போகும். இது இரண்டும் செய்யவில்லை. பக்கத்து விண்மீன்கள் மேற்கே சரியச் சரிய, அவற்றுக்கு நடுவே அதே இடத்தில் நின்று கூடவே சரிந்தது. பிறகுதான் மகள் கைபேசிச் செயலியைத் தூக்கிப் பிடித்தாள். பெரிய மெகல்லன் மேகம், 1 லட்சத்து 60 ஆயிரம் ஒளியாண்டு என்று காட்டியது.

அதற்குப் பின் அவள் எனக்குப் படித்துக் காட்டிய ஒன்றுதான் மனத்தை விட்டுப் போகவில்லை. 1987இல் அந்த மேகத்துக்குள் ஒரு விண்மீன் வெடித்திருக்கிறது. ஒளி வருவதற்குச் சில மணி நேரம் முன்பே நியூட்ரினோ என்னும் துகள்கள் வந்துவிட்டன. பிப்ரவரி 23, திங்கட்கிழமை, நம் நேரத்துக்குப் பிற்பகல் 3.35. ஜப்பானில் நிலத்தடித் தண்ணீர்த் தொட்டி ஒன்றில் பத்துப் பன்னிரண்டு துகள்கள் மட்டும் சிக்கினவாம். சிக்காமல் போனவை விரல் நகம் அளவு இடத்துக்கே கோடிக்கணக்கில். நம் உடம்பைத் துளைத்துக்கொண்டு போயிருக்கின்றன, ஒரு சொரணையும் இல்லை. அந்த நேரம் பால் நிறுத்துவிட்டு வந்து, லயத்து வாசலில் சைக்கிள் சங்கிலிக்கு எண்ணெய் விட்டுக்கொண்டிருந்திருப்பேன். மார்ச்சில் அந்த வெடிப்பு வெறும் கண்ணுக்கே தெரிந்ததாம். அதை நான் பார்த்தேன் என்று சொல்லமாட்டேன். தெற்கே மரம் இருந்தது.

இயற்பியல் மாணவி

ஐயா, தயங்காமல் நிறைய எழுதுங்கள். புகையா மேகமா என்று நீங்கள் பிரித்த முறையை எங்கள் செய்முறை வகுப்பிலேயே சொல்லலாம்.

நீங்கள் பார்த்தது பால்வீதிக்குப் புதிதாக வந்திருக்கும் விருந்தாளி. பெரிய மெகல்லன் மேகம் காலங்காலமாக நம்மைச் சுற்றிக்கொண்டிருக்கிறது என்றுதான் வெகுநாள் நம்பினார்கள். ஹபிள் தொலைநோக்கியால் அதன் நகர்வை அளந்தபோது, நினைத்ததைவிட வேகமாக ஓடுவது தெரிந்தது. 2007இல் வந்த கணக்குகளுக்குப் பிறகு, அது நம் அருகே வருவது இதுவே முதல் முறை என்ற கருத்துக்குத்தான் ஆதரவு அதிகம். அதில் இன்னும் வாயு மிச்சமிருப்பதும் அதற்குப் பொருந்துகிறது. பால்வீதிக்குப் பக்கத்தில் நெடுநாளாக இருக்கும் குட்டி கேலக்ஸிகள் பெரும்பாலும் வாயுவைப் பறிகொடுத்து, புது விண்மீன் பிறக்காமல் வறண்டு கிடக்கின்றன. மெகல்லன் மேகங்கள் இரண்டும் இன்னும் பெற்றுப் பெருகுகின்றன. ஆனால் அவற்றின் வாயுவும் உருவப்பட்டு வருகிறது. வானத்தில் நெடுந்தூரம் நீளும் மெகல்லன் ஓடை அப்படி உருவியதுதான். 2019இல் வந்த ஒரு கணக்கின்படி இன்னும் 240 கோடி ஆண்டு வாக்கில் பெரிய மேகம் பால்வீதியோடு கலந்துவிடும்.

சிறிய மேகத்தையும் தேடுங்கள், டிசம்பரில் முன்னிரவிலேயே தெற்கே இருக்கும். அதிலுள்ள 25 விண்மீன்களை வைத்துத்தான் 1912இல் ஹென்ரியட்டா லெவிட், ஒரு வகை விண்மீனின் துடிப்புக் காலம் நீள நீள அதன் உண்மை ஒளியும் கூடுகிறது என்று காட்டினார். அந்த அளவுகோல் கையில் இருந்ததால்தான் 1923இல் எட்வின் ஹபிள் ஆந்திரமேடாவில் அதே வகை விண்மீன் ஒன்றைக் கண்டதும், அது பால்வீதிக்கு வெளியே இருக்கிறது என்று அடித்துச் சொல்ல முடிந்தது.

பழைய பால்வெட்டு

நன்றி மகளே. ஒரு கேள்வி. விழுங்கியது, கலந்தது என்று எல்லாரும் சொல்கிறீர்கள். ஸ்டோரில் எல்லார் வாளியும் தொட்டியில் கொட்டிய பிறகு, எந்தப் பால் யார் வெட்டியது என்று எந்தக் கிராணியாலும் சொல்ல முடியாது. இவர்களுக்கு மட்டும் எப்படித் தெரிகிறது?

இயற்பியல் மாணவி

விண்மீன்கள் பால் போலக் கலப்பதில்லை ஐயா. ஒன்றுக்கொன்று அவ்வளவு இடைவெளி, மோதிக்கொள்வதே அரிது. அதனால் வந்த திசையும் வேகமும் பல நூறு கோடி ஆண்டுகளுக்குப் பிறகும் அடையாளம் தெரிகிற அளவுக்கு மிஞ்சியிருக்கும். பிறந்த இடத்து இரும்பு, மக்னீசிய அளவும் உடம்பிலேயே இருக்கும். 2013இல் ஏவிய கையா விண்கலம் நூறு கோடிக்கு மேற்பட்ட விண்மீன்களின் இடத்தையும் நகர்வையும் அளந்தது. 2018இல் அந்தத் தரவைக் கிளறியபோது, மற்றவை வட்டமாகப் போக, ஒரு பெருங்கூட்டம் மட்டும் மையத்தை நோக்கிப் பாய்வதும் திரும்புவதுமாக இருந்தது. வேதியியலும் வேறு. ஏறத்தாழ 1000 கோடி ஆண்டுகளுக்கு முன் பால்வீதி விழுங்கிய கேலக்ஸி அது. கையா-என்செலடஸ் என்று பெயர் வைத்திருக்கிறார்கள்.

ஆலை இரவு ஷிப்டு

அப்படியானால் என் கதையும் இந்த இழைக்குப் பொருந்தும். செம்பனை ஆலையில் வேலை. ஜூன் மாதம், ஒன்பது மணி ஓய்வில் பின்பக்கப் படிக்கட்டில் நிற்பேன். கொதிகலன் சூட்டுக்கு வெளிக்காற்று சுகம். தலைக்குமேல் சித்திரை விண்மீன். அதற்கு நேர் கீழே, மூன்றரை முட்டி தள்ளித் தெற்கில், மங்கலாக ஒரு விண்மீன். மற்றவை மின்னும்போது அது மின்னவில்லை. அதனால்தான் கவனித்தேன். அண்ணனின் பைனாகுலரைக் கொண்டுபோய்ப் பார்த்தால் அது விண்மீனே இல்லை. ஓரம் கரைந்த ஒரு வட்டம், நடுவில் அடர்த்தி.

ஒமேகா சென்டாரி. 17 ஆயிரம் ஒளியாண்டில், ஏறக்குறைய ஒரு கோடி விண்மீன்கள் நெருங்கிக் கிடக்கும் கொத்து. மற்றக் கொத்துகளில் விண்மீன்கள் ஏறக்குறைய ஒரே வயது, இதில் பல தலைமுறை. ஆகவே இது கொத்தாகப் பிறந்ததல்ல, பால்வீதி தின்று முடித்த ஒரு கேலக்ஸியின் நடுப்பகுதி என்று பலர் கருதுகிறார்கள். 2024இல் அதன் மையத்தில் அளவுமீறிய வேகத்தில் ஓடும் ஏழு விண்மீன்களைக் கண்டு, குறைந்தது 8,200 சூரிய நிறையுள்ள கருந்துளை உள்ளே இருக்க வேண்டும் என்று அறிவித்தார்கள். நான் அதை மேற்பார்வையாளரிடம் காட்டினேன். "ஓய்வு நேரம் முடிந்துவிட்டது" என்றார்.

கொய்யாக் கடை

ஆந்திரமேடா 400 கோடி ஆண்டில் நம்மேல் மோதும் என்று எங்கோ படித்தேன். அதைப் பற்றி ஒருவரும் பேசவில்லையே?

பள்ளி வாத்தியார்

அது 2012ஆம் ஆண்டுச் செய்தி. 2025இல் வந்த புதிய கணக்கு, பெரிய மெகல்லன் மேகத்தின் இழுப்பையும் எம் 33 கேலக்ஸியின் இழுப்பையும் சேர்த்துப் பார்த்தது. எம் 33 மோதலை நோக்கித் தள்ளுகிறது, மேகம் விலக்கி விடுகிறது. அடுத்த 1000 கோடி ஆண்டுக்குள் இரண்டும் இணைய ஏறக்குறைய பாதிக்குப் பாதி வாய்ப்புதானாம். அதாவது நம் பால்வெட்டு ஐயா புகை என்று சந்தேகித்த அந்தத் திட்டுக்கு, இரண்டு மாபெரும் கேலக்ஸிகளின் விதியில் கை இருக்கிறது. எதுவானாலும் கொய்யா வியாபாரத்துக்குப் பாதிப்பில்லை.

லோரிக்காரர்

பேச்சு போதும், எப்போது கூட்டிப் போகிறீர்கள்?

பழைய பால்வெட்டு

பிப்ரவரி அமாவாசைக்கு மறுநடவுக் காட்டில். காவலாளியிடம் சொல்லியாகிவிட்டது. கைவிளக்கு கொண்டுவருபவர்கள் சிவப்புத் தாள் ஒட்டிக் கொண்டுவாருங்கள். செருப்பு வேண்டாம், பூட்ஸ் போடுங்கள், பாம்பு உண்டு. லோரியை வீட்டிலேயே விட்டுவிட்டு வாருங்கள் தம்பி, அதன் முகவிளக்கு எனக்குத் தெரியும்.