மலேசியக் கால்பந்து கோல்கீப்பர் ‘ஸ்பைடர்மேன்’ ஆறுமுகத்தை நேர்ல பார்த்தவங்க எழுதுங்க

கிள்ளான்வாசி:
கோலாலம்பூர் மெர்டேகா ஸ்டேடியம், கோல் கம்பத்துக்குப் பின்னாடி நான். சிலாங்கூர் ஆட்டம், எதிர்ல யாருன்னு மறந்துபோச்சு. மழை அப்பதான் விட்டிருந்துச்சு. கார்னர் வருது, அஞ்சாறு பேரு ஒண்ணா எம்புறாங்க. அத்தனை தலைக்கும் மேல ஒரு கை நீண்டு வந்துச்சு. ஒத்தக் கை! ஈரப் பந்து அப்படியே ஒட்டிக்கிச்சு. உடனே எறியல. பந்தை நெஞ்சோட வெச்சுக்கிட்டுத் தன்னோட டிஃபெண்டருங்கள ஒரு பார்வை பார்த்தாரு. ஒருத்தரும் திரும்பிப் பார்க்காம மேல ஓடினாங்க. அந்தப் பார்வைதான் இன்னும் மனசுல நிக்குது.

பால்மரத்துப்பையன்:
ஈரப் பந்தை ஒத்தக் கைல பிடிச்சாராம். அண்ணே, தட்டி விட்டிருப்பாரு, பின்னாடியிருந்து உங்களுக்கு அப்படித் தெரிஞ்சிருக்கும்.

நான் நேர்ல பார்த்ததில்ல, டிவிதான். 1980 ஏப்ரல், தென்கொரியாவோட ஒலிம்பிக் தகுதிச்சுற்று இறுதி ஆட்டம். எங்க தோட்டத்து லயத்துக்கே ஒரு டிவி. 2-1. ஹசான் சானி பாஸ், ஜேம்ஸ் வோங் கோல், எல்லாரும் அதையேதான் பேசுவாங்க. எனக்கு எங்கப்பாதான் ஞாபகம். கொரியாக்காரன் ஓரத்துலேர்ந்து கோல் பக்கம் கிராஸ் போடுறப்பெல்லாம் ஆறுமுகத்தோட சேர்ந்து அவரும் ரெண்டு கையையும் தூக்குவாரு. ஒரு தடவை முன்னாடி உட்கார்ந்திருந்த கங்காணி மண்டைல நல்லா இடிச்சிருச்சு. கங்காணி திரும்பவே இல்ல. வேற நாளா இருந்தா கதையே வேற.

ஜெயிச்சும் மாஸ்கோ ஒலிம்பிக்குக்குப் போகல. சோவியத் படை ஆப்கானிஸ்தானுக்குள்ள போன விவகாரத்துல புறக்கணிப்பு, நம்ம இடத்துல ஈராக் போச்சு. அதுலேர்ந்து ஒலிம்பிக் போட்டா அப்பா எழுந்து வெளிய போயிடுவாரு.

கீப்பர்மணி:
எப்பப் பாரு 1980, 1980. 1974 தெஹ்ரான் ஆசிய விளையாட்டுல வெண்கலம் கிடைச்சுதே, வடகொரியாவை அடிச்சு, அதை யாரும் பேசமாட்டீங்களா?

சின்ன வயசுல பாடாங்ல, அதான் திடல்ல, அவரு பயிற்சி எடுக்கிறதைப் பார்த்திருக்கேன். கம்பத்தைத் திரும்பிப் பார்க்காமலே கையால தொட்டுத் தொட்டு நிப்பாரு. அவ்ளோதான் என் கதை.

இப்ப விளையாடுற பசங்களுக்குச் சொல்றேன். கை நீளம் மட்டும் போதாது. கிராஸ் வந்தா கோட்டுலயே நிக்காத, வெளிய வா. பந்து இறங்குற வரைக்கும் காத்திருக்காத, உச்சத்துல எடு. எம்பும்போது ஒரு முட்டியை மடக்கித் தூக்கு, இடிக்க வர்றவன் தள்ளி நிப்பான். வாயைத் திறந்து கத்து. பந்து நனைஞ்சிருந்தா, ஆள் நெருக்கமா இருந்தா, குத்திடு. அவரு காலத்துல பேக்பாஸை, அதாவது நம்ம ஆளே காலால திருப்பித் தர்ற பந்தை, கையால எடுக்கலாம்; 1992-ல விதி மாறிடுச்சு. அதனால காலையும் பழக்கு, ரெண்டு காலையும். கிளவுஸைக் கழுவி நிழல்ல காய வை.

ரவாங்அக்கா:
மணி தம்பி, கிளவுஸ் துவைக்கிறதை யாருப்பா கேட்டா?

1988 டிசம்பர். கார் விபத்துல ஆறுமுகம் போயிட்டாருன்னு பக்கத்து வீட்டுல வந்து சொன்னாங்க. வயசு 35தான். எங்கண்ணன் சாப்பிட்டுக்கிட்டு இருந்தான். கையைக் கழுவாம அப்படியே பேப்பர் கடைக்கு ஓடினான், கைல சோத்தோட. கடைக்காரரு திட்டினாராம். மூணு வருஷங்கூட ஆகல, 1991-ல நம்ம ஸ்ட்ரைக்கர் மொக்தார் டஹாரியும் போயிட்டாரு. அப்ப அவன் எங்கயும் ஓடல.

வெட்டி ஒட்டின நோட்டு இன்னும் வெச்சிருக்கான். 1977 சீ (தென்கிழக்காசிய) விளையாட்டுல தங்கம் வாங்கின டீம் படம் யார்கிட்டயாவது தெளிவா இருந்தா போடுங்க. அவன்கிட்ட இருக்கிறதுல ஆறுமுகம் மூஞ்சி மேலதான் பசை.